தொடும் கையும் தார் சுற்றும் கையும்: பட்டுப்புடவை விளம்பரங்களில் பெண்

முன்னுரை

காஞ்சிபுரப் பட்டுக்கான தொலைக்காட்சி விளம்பரங்கள் பெரும்பாலும் மணப்பெண்ணை மையமிட்டவை. அவள் முந்தியை விரித்துப் பார்க்கிறாள், ஜரிகையை வருடுகிறாள், வாங்கித் தந்த தந்தையோ கணவனோ பெருமிதம் கொள்கிறார். இக்காட்சிகள் பெண்ணின் உழைப்பை மறைக்கும் முறையை இக்கட்டுரை ஆராய்கிறது.

கையின் இரு தோற்றங்கள்

விளம்பரங்களில் பெண்ணின் விரல்கள் பொருளை இறுகப் பற்றுவதில்லை, வருடவே செய்கின்றன என்று சமூகவியலாளர் எர்விங் காஃப்மன் 1979இல் வெளியான தம் நூலில் சுட்டினார். பட்டு விளம்பரங்களுக்கு இது அப்படியே பொருந்தும். காஞ்சிபுரத்து நெசவாளர் வீடுகளிலோ பெண்ணின் கை வேறு. அது ஊடைநூலைத் தாரில் சுற்றுகிறது; பாவு வேலைக்குத் துணைநிற்கிறது. உடலையும் கரையையும் வெவ்வேறு வண்ணங்களில் பிணைக்கும் கோர்வை முறையில் மூன்று நாடாக்கள் இயங்குவதால் தறிக்கு இரண்டாவது ஆள் தேவை. பல வீடுகளில் அந்த ஆள் மனைவியோ மகளோதான். ஆயினும் புடவைக் கணக்கில் தரப்படும் கூலி தறிக்காரரின் பெயரில் எழுதப்படும்போது, அவள் வேலை 'ஒத்தாசை' என்னும் சொல்லுக்குள் கரைந்துவிடுகிறது.

நெசவாளரின் துயரைப் பரிவுடன் சொன்ன பிரியதர்சனின் 'காஞ்சிவரம்' (2007ஆம் ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருது பெற்றது) திரைப்படத்திலும் நெசவும் இழப்பும் தந்தையின் கதையாகவே அமைகின்றன. மகள் பட்டைப் பெறவேண்டியவளாகவே நிற்கிறாள்.

சட்டத்தின் எல்லை

பெண்களை இழிவாகச் சித்திரித்தல் (தடை) சட்டம், 1986 பெண்ணுருவை ஆபாசமாகவோ இழிவாகவோ காட்டுவதையே அளவுகோலாகக் கொண்டது. பட்டு விளம்பரத்தில் ஆபாசம் இல்லை. தலைநிறையப் பூவும் அடக்கமும் நிறைந்த அப்படிமம் அளவுகோலுக்குள் சிக்குவதே இல்லை. விளம்பரத் துறையின் தன்னொழுங்கு அமைப்பு 2022இல் பாலின வார்ப்புகள் குறித்து வழிகாட்டுதல்களை வெளியிட்டது வரவேற்கத்தக்கது. எனினும் அவையும் காட்டப்படுவதன் தீங்கையே முதன்மையாக நோக்குகின்றன; காட்டப்படாததன் தீங்கு கணக்கில் வருவதில்லை.

முடிவுரை

மணப்பெண்ணின் மகிழ்ச்சி பொய்யன்று. அதைக் காட்டுவதும் பிழையன்று. பெண்ணுக்குப் பட்டோடு உள்ள உறவு உடுத்துவது மட்டுமே என நிறுவுவதுதான் பிழை. நெய்பவளைத் திரையில் காணாத சமூகம், அவளுக்கு உரிய கூலியைத் தனியே கேட்கவும் தயங்குகிறது. எனவே ஊடக ஆய்வுகள் பெண் எவ்வாறு காட்டப்படுகிறாள் என்பதோடு, எந்த வேலையில் அவள் காட்டப்படுவதில்லை என்பதையும் ஆராய்தல் வேண்டும்.