மாசி வீதியில் சித்திரைத் தேர்

வெளியூர் நண்பர்களுக்கு மதுரையில் வழி சொல்வது ஒரு வேடிக்கை. கோயிலுக்குள்ளேயே இருப்பது ஆடி வீதி. மதிலுக்கு வெளியே வந்தால் சித்திரை வீதி. அதைச் சுற்றி ஆவணி மூல வீதி, அதையும் சுற்றி மாசி வீதி, கடைசியில் வெளி வீதி. ஒவ்வொன்றிலும் கீழ, மேல, தெற்கு, வடக்கு என்று நான்கு. வழி கேட்டவர் பாதியிலேயே விரல்விட்டு மாதங்களை எண்ண ஆரம்பித்துவிடுவார். சித்திரைத் தேர் ஓடுவது மாசி வீதியில் என்றும் சொல்லிவிட்டால் மனிதர் உட்கார்ந்துவிடுவார். முன்பு மாசியில் நடந்த திருவிழாவைத் திருமலை நாயக்கர் சித்திரைக்கு மாற்றினார், தேர் மட்டும் பழைய வீதியிலேயே ஓடுகிறது என்பது ஊரில் வழிவழியாகச் சொல்லும் காரணம்.

வீதிக்கு மாதத்தின் பெயர் வைத்த ஊர் இது. ஆகவே இந்த ஊரைப் பற்றிய புத்தகம் எது கைக்கு வந்தாலும் நான் முதலில் பார்ப்பது ஒன்றுதான்: இதில் மணி என்ன? எந்தப் பொழுது, எந்தச் சாமம், எந்த மாதம்? எது எங்கே இருக்கிறது என்று சொல்லும் புத்தகங்கள் ரயில் நிலையத்து வாசலிலேயே கிடைக்கும். கோபுரத்தின் உயரம், தூணின் எண்ணிக்கை, தெப்பக்குளத்தின் அகலம் எல்லாம் அவற்றில் இருக்கும். படித்து முடித்தால் ஊர் ஆளில்லாமல் நிற்கும். எப்போது என்று சொல்லத் தெரிந்த புத்தகங்கள் கொஞ்சம். அந்தக் கொஞ்சத்தில் முதலாவது ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுப் பழசு.

மாங்குடி மருதனாரின் மதுரைக்காஞ்சி 782 அடி. பத்துப்பாட்டில் அதுதான் நீளம். பள்ளிக்கூடத்தில் அதை நெடுஞ்செழியனின் வெற்றிப் புகழாக நடத்திவிடுகிறார்கள். போதாததற்கு ஊருக்குள் நுழையவே முந்நூறு அடிகளைத் தாண்ட வேண்டும். அதுவரை போர், வள்ளல்தன்மை, ஐந்து நிலங்களின் வளம். பலரும் அங்கேயே மூடி வைத்துவிடுகிறார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன், நானும் இரண்டு முறை மூடியவன். மூன்றாம் முறை ஒரு நண்பர் சொன்ன யோசனைப்படி நடுவிலிருந்து, வைகைக் கரையிலிருந்து தொடங்கினேன். அன்றைக்குத்தான் அது பிடிபட்டது. ஒரு முழு நாளை, பகலிலிருந்து மறுநாள் விடியல் வரை, ஒருவர் தெருத்தெருவாக நடந்தே எழுதியிருக்கிறார்.

பகலில் நாளங்காடி. பூ விற்பவர், வாசனைப் பொடி விற்பவர், வெற்றிலை பாக்கோடு சங்குச் சுண்ணாம்பு விற்பவர். வீடு வீடாக ஏறி இறங்கி விற்கும் நரைத்த கூந்தல் பெண்கள். சங்கு அறுத்து வளையல் கடைபவர், பொன்னை உரைத்துப் பார்ப்பவர், செம்பு நிறுப்பவர், புடவை விற்பவர், ஓவியர், நெசவாளர். இவர்களுக்கு நடுவே பௌத்தப் பள்ளி, அமணப் பள்ளி, அந்தணர் இருக்கை, வழக்குத் தீர்க்கும் அவையம். சாயங்காலம் அல்லங்காடி கூடுகிறது. அந்தி மசங்கும்போது கூட்டுக்குத் திரும்பும் பறவைகளின் இரைச்சலை அதன் ஓசைக்கு உவமையாக வைக்கிறார் புலவர். ஆறரை மணிக்கு விளக்குத்தூண் பக்கம் நின்று பாருங்கள், உவமை இன்னும் பழையதாகவில்லை.

அதற்குப் பிறகுதான் அவர் கைவரிசை. இரவைச் சாமம் சாமமாகப் பிரிக்கிறார். முதல் சாமத்தின் ஆரவாரம் அடங்குகிறது, கடைகள் அடைபடுகின்றன. தேன்கூடு மாதிரி கண்ணறைகள் உள்ள மெல்லிய அடையும், பாகு கலந்து பிடித்த மோதகமும் விற்ற கூவியர் தங்கள் பண்டத்தோடு உட்கார்ந்தபடியே தூங்கி விழுகிறார்கள். இந்தக் காட்சிக்காகவே நூல் முழுவதையும் மன்னிப்பேன். பலகாரக்காரனின் அசதியை ஒரு பேரரசனுக்குப் பாடிக்காட்டும் துணிச்சல் எத்தனை புலவருக்கு வந்திருக்கிறது? மூன்றாம் சாமத்தில் பேய்கள் உலவும் இருட்டு. கறுப்பு உடையும் கையில் வாளும் இடுப்பில் சுற்றிய நூலேணியுமாகக் கள்வர் வருகிறார்கள். அவர்களைத் தேடிக்கொண்டு, யானையை எதிர்நோக்கும் புலி போல, காவலர். கள்வரின் கருவி, உடை, தந்திரம் ஒன்றையும் புலவர் விடுவதில்லை. காவலருக்குக் கொடுக்கும் மரியாதையில் முக்கால் பங்காவது அவர்களுக்கும் கொடுக்கிறார் என்று எனக்கு ஒரு சந்தேகம். அப்புறம் விடியல்: வேதம் ஓதும் ஒலி, யாழ் மீட்டும் ஒலி, யானைக்குக் கவளம் ஊட்டுவது, கதவுகள் திறக்கும் ஓசை, முந்தின இரவின் கள் இன்னும் இறங்காதவர்களின் குழறல், சேவல், முற்றம் பெருக்கும் பெண்கள்.

இதை எதற்காக அரசனுக்குச் சொல்ல வேண்டும்? காஞ்சி என்றால் நிலையாமை. தலையாலங்கானத்தில் எதிரிகளை வென்று, போரே பொழுதாக இருந்தவன் நெடுஞ்செழியன். ‘வெல்லாவிட்டால் மாங்குடி மருதன் தலைமையிலான புலவர் என்னைப் பாடாது போகட்டும்’ என்ற பொருளில் வஞ்சினம் கூறியவன், அது புறநானூற்றில் இருக்கிறது. அப்படித் தன்னை மதித்தவனிடம் போய், ‘நீயும் ஒருநாள் போய்விடுவாய்’ என்று எப்படிச் சொல்வது? மருதனார் உபதேசத்தைச் சில அடிகளில் முடித்துக்கொண்டு ஒரு நாள் கழிவதைக் காட்டிவிட்டார். பொழுது போவதைப் பார்த்துக்கொண்டே இருந்தால் போதும், நிலையாமை தானாகப் புரியும். 1889-இல் உ.வே.சாமிநாதையர் பத்துப்பாட்டை அச்சில் கொண்டுவந்தபோது நச்சினார்க்கினியர் உரையோடு கொண்டுவந்தார். அந்த உரைகாரரும் மதுரைக்காரர் என்பதில் எங்களுக்கு ஒரு தனிக் கர்வம்.

சிலப்பதிகாரத்தில் கோவலன் ஊர் பார்க்கப் போகும் காதையையும் இதோடு சேர்த்துப் படிக்க வேண்டும். நவமணிகளின் குற்றங்களும் குணங்களும், நால்வகைப் பொன், துணிக் கடை, மிளகு மூட்டையும் தராசுமாகக் கூலக் கடை என்று இளங்கோவடிகள் அடுக்குகிறார். வெறும் பட்டியல் போலத் தோன்றும். நொடித்துப்போன ஒரு வணிகனின் கண் அது என்று நினைத்துக்கொண்டு படித்தால் வயிற்றைப் பிசையும். வாங்கக் காசில்லாதவன் ஒவ்வொரு கல்லின் தரத்தையும் சரியாகச் சொல்லிக்கொண்டு நடக்கிறான். அவன் கண்டதெல்லாம் பகல் மதுரை.

பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடற் புராணத்தை யாரும் நகர வாழ்க்கைப் புத்தகம் என்று சொல்வதில்லை. சொல்ல வேண்டும். அறுபத்து நான்கு விளையாடல்களில் இந்த ஊர்ச் சொக்கன் பார்க்காத வேலை உண்டா? வளையல் விற்கிறான், விறகு விற்கிறான், மாணிக்கம் விற்கிறான், வலை வீசுகிறான், குதிரை கொண்டுவருகிறான். உதிர்ந்த பிட்டுக்காகக் கிழவி வந்தியின் கூலியாளாகப் போய் மண் சுமக்கிறான், வேலை செய்யாமல் தூங்கி அடியும் வாங்குகிறான். மதுரையின் தொழில் பட்டியலைத் தயாரிக்க இதைவிடச் சுருக்கு வழி இல்லை. அந்தப் பிட்டுத் திருவிழா வருவது ஆவணி மூல நாளில். வழி கேட்டவருக்குச் சொன்ன அந்த வீதியின் பெயரும் அதுதான்.

இனி நம் காலம். சு. வெங்கடேசனின் ‘காவல் கோட்டம்’ 2008-இல் வந்தது, 2011-இல் சாகித்திய அகாதெமி விருது பெற்றது. ஆயிரம் பக்கத்துக்கு மேல். ஆவணங்கள் கதையின் தலைமேல் ஏறி உட்காரும் இடங்கள் அதில் உண்டு, குறிப்பாக முதல் பகுதியில். ஆனால் களவுக்குப் போகும் இரவுகளில் நாவல் வேறு உயிர் பெறுகிறது. இருட்டில் கால் வைப்பது, காற்று அடிக்கும் திசை பார்ப்பது, நாய் குரைப்பதை வைத்துத் தூரம் கணிப்பது: மருதனார் ஒரு சாமத்தில் காட்டிவிட்டு நகர்ந்த அந்த நூலேணிக்காரர்களுக்கு இங்கே ஊர் கிடைக்கிறது, பெயர் கிடைக்கிறது, பசியும் கிடைக்கிறது. 19-ஆம் நூற்றாண்டில் பிளாக்பர்ன் கலெக்டராக இருந்தபோது கோட்டைச் சுவர் இடிக்கப்பட்டது. அதை இடிப்பதற்கு முன் அங்கே குடியிருந்த காவல் தெய்வங்களை இறக்கி அனுப்பும் பகுதி தமிழ் நாவலின் மிகச் சிறந்த பக்கங்களில் ஒன்று என்பது என் தீர்ப்பு. அகழி தூர்ந்து வெளி வீதி ஆயிற்று. பிளாக்பர்ன் நினைவாக நிற்பதுதான் விளக்குத்தூண். மாரட் வீதியும் பெருமாள் மேஸ்திரி வீதியும் அந்த வேலையில் அவருக்குத் துணை நின்றவர்கள் பெயரில் இருக்கின்றன. தினமும் அவற்றில் நடப்பவர்களுக்கு இது நினைவில் இருப்பதில்லை. நாவலைப் படித்தபின் மறக்க முடியாது.

ஜி. நாகராஜன் இதற்கு நேர் எதிர். ஒல்லியான புத்தகம், ஆவணம் கிடையாது, அழுகை கிடையாது. 1929-இல் மதுரையில் பிறந்து 1981-இல் மதுரையிலேயே இறந்தவர், கணக்கு வாத்தியார். 1974-இல் வந்த ‘நாளை மற்றுமொரு நாளே’ கந்தன் என்ற ஒருவனின் ஒரே ஒரு நாள். ஊரில் எல்லாரும் தெரிந்து வைத்திருந்து யாரும் பேசாத தொழில்கள், சந்துகள், பேரங்கள் அந்த ஒரு நாளுக்குள் வந்து போகின்றன. தலைப்பிலேயே கடிகாரம் இருக்கிறது, பாருங்கள். மருதனாரின் மதுரையில் இரவில் ஒப்பனை செய்து காத்திருந்த பெண்களின் நாள் பகலில் எப்படி இருக்கும் என்று கேட்டவர் நாகராஜன். இரக்கத்தைக் கையில் ஏந்திக்கொண்டு எழுதாததால்தான் அந்தப் புத்தகம் இன்னும் புளித்துப்போகவில்லை.

ப. சிங்காரத்தின் ‘புயலிலே ஒரு தோணி’யை இந்த வரிசையில் வைப்பது சிலருக்கு விசித்திரமாகப் படும். 1972-இல் வெளியான அந்த நாவல் நடப்பது மெடானிலும் பினாங்கிலும். ஆனால் கடல் கடந்து போன பாண்டியனின் மனம் திரும்பத் திரும்ப ஏறி இறங்குவது மதுரைத் தெருக்களில். சிங்காரம் போருக்குப் பின் ஊர் திரும்பி, தினத்தந்தியில் வேலை பார்த்துக்கொண்டு, நெடுங்காலம் மதுரை ஒய்.எம்.சி.ஏ. விடுதியில் தனியாக வாழ்ந்தவர். அங்கே இருந்தபோது இங்கே, இங்கே இருந்தபோது அங்கே. ஊரை விட்டுப் போனவனுக்கு ஊர் எந்த வயதில் நின்றுவிடுகிறதோ, அந்தக் கடிகாரத்தை எழுதியவர் அவர்.

ஓவியர் மனோகர் தேவதாஸின் கடிகாரமும் அப்படி நின்றுபோனதுதான். 1936-இல் மதுரையில் பிறந்தவர். விழித்திரை நோயால் பார்வை சுருங்கிச் சுருங்கி வர, பேனா மையில் நுணுக்க நுணுக்கமாக மதுரையை வரைந்தார். ‘க்ரீன் வெல் இயர்ஸ்’, ‘மல்டிபிள் ஃபேசட்ஸ் ஆஃப் மை மதுரை’ இரண்டும் ஆங்கிலப் புத்தகங்கள். வாசிக்க வராதவர்களும் படங்களைப் பார்க்கலாம். யானைமலையும் நாயக்கர் மகாலும் நமக்குத் தெரிந்தவைதான், ஆனால் ஒரு கல்லையும் விடாமல் எண்ணிப் போட்டிருப்பார். கொஞ்சம் கொஞ்சமாக மட்டுமே பார்க்க முடிகிற கண் எதையும் மேலோட்டமாகப் பார்ப்பதில்லை.

நாள், சாமம் எல்லாம் ஆயிற்று, ஆண்டு மிச்சம். அதை எழுதியவர் தொ. பரமசிவன். ‘அழகர் கோயில்’ அவருடைய முனைவர் பட்ட ஆய்வு. 1989-இல் மதுரை காமராசர் பல்கலைக்கழகம் வெளியிட்டது. ஆய்வேட்டை ரசித்துப் படிக்க முடியுமா என்று கேட்பவர்கள் சித்திரை மாதத்தில் அதைக் கையில் எடுக்க வேண்டும். மலையடிவாரத்திலிருந்து கள்ளழகர் கள்ளர் வேடத்தில் கிளம்பி, மண்டகப்படி மண்டகப்படியாக நின்று, தல்லாகுளத்தில் எதிர்சேவை கண்டு, பௌர்ணமி விடியலில் வைகையில் இறங்குகிறார். இதைக் கோயில் வாசலில் நின்று பார்க்காமல், சுற்றுவட்டாரத்துக் கிராமங்களிலிருந்து வண்டி கட்டி வரும் சனங்களின் பக்கத்தில் நின்று பார்த்தவர் தொ.ப. இடையருக்கும் கள்ளருக்கும் வலையருக்கும் கோயிலோடு என்ன உறவு, திரி எடுப்பவர் யார், தோல்பையில் தண்ணீர் பீய்ச்சுபவர் ஏன் அந்த உடை உடுத்துகிறார் என்று அவர்களிடமே கேட்டு எழுதினார். மதுரை என்பது நான்கு மாசி வீதிகளுக்குள் முடிகிற ஊர் அல்ல, வயற்காட்டு ஊர்கள் எல்லாம் வருஷத்தில் ஒருமுறை உரிமையோடு உள்ளே நுழைகிற இடம் என்று அதைப் படித்துத்தான் எனக்குத் தெரிந்தது.

மதுரை என்றால் அரிவாளும் வெள்ளை வேட்டியும் உரத்த குரலும் என்று சினிமா ஒரு பாணியை விற்றுக்கொண்டிருக்கிறது. சாப்பாட்டுப் பிரியர்கள் ஜிகர்தண்டாவையும் கறிதோசையையும் வைத்து இன்னொன்றை விற்கிறார்கள். இரண்டிலும் பொய்யில்லை, பொழுதுதான் இல்லை. பருத்திப்பால் எந்த நேரத்தில் தெருவுக்கு வரும், கறிதோசைக் கல் எத்தனை மணிக்குச் சூடாகும், புரோட்டாக் கடைக்காரர் கல்லைக் கழுவிக் கவிழ்த்துவிட்டு எங்கே போய்த் தூங்குவார் என்று எழுதியிருந்தால் நான் வரிசையில் நின்று வாங்கியிருப்பேன்.

ஒன்று கேட்டுக்கொள்கிறேன். மாட்டுத்தாவணிப் பூச்சந்தைக்கு மல்லிகை மூட்டைகள் வந்து இறங்கும் நேரம் உண்டு. மொட்டாக இருக்கும்போதே விற்றாக வேண்டும், விரிந்தால் விலை போயிற்று. பறிப்பவர், சுமப்பவர், ஏலம் கூறுபவர், தொடுப்பவர், கூடையோடு பஸ் ஏறும் பெண் என்று அத்தனை பேருடைய நாளும் ஒரு மொட்டு மலரும் நேரத்துக்குள் அடங்கிக் கிடக்கிறது. அதை மணிக்கணக்கோடு எழுதிய புத்தகம் என் கண்ணில் இதுவரை படவில்லை. எழுதியவர் யாராவது இருந்தால் சொல்லுங்கள். இல்லை என்றால், இளையவர்களே, விடிவதற்கு முன் எழுந்து அங்கே போங்கள்.