இறந்தவர் இருக்கிறார் என்னும் தத்துவம்

கர்ட் வானகட்டின் ‘ஸ்லாட்டர்ஹவுஸ்-ஃபைவ்’ நாவல் 1969-இல் வெளிவந்தது. அதில் வரும் ட்ரால்ஃபமடோர் என்ற கோளின் வாசிகளுக்குக் காலம் ஓடுவதில்லை. நேற்றும் இன்றும் நாளையும் ஒரு மலைத்தொடரின் சிகரங்களாக ஒருசேரக் கண்முன் நிற்கின்றன. மனிதனைப் பார்த்தால், ஒரு முனையில் குழந்தைக் கால்களும் மறுமுனையில் கிழட்டுக் கால்களும் கொண்ட நீளமான மரவட்டையாகத் தெரிவான். செத்துப்போனவர் அந்த ஒரு கணத்தில்தான் மோசமான நிலையில் இருக்கிறார். மற்றக் கணங்களில் நன்றாகவே இருக்கிறார். இப்படி நினைப்பவர்கள் சாவுக்கு அழுவதில்லை. அவர்களால் கடத்திச் செல்லப்பட்டதாகச் சொல்லும் பில்லி பில்கிரிம் கண் பரிசோதித்துக் கண்ணாடி எழுதித் தருபவர். இந்தப் போதனையை வானொலியில் பேசுகிறார், ஊர்ப் பத்திரிகைக்குக் கடிதமாக எழுதுகிறார், கடைசியில் சிகாகோவில் பெருங்கூட்டத்தின் முன் முழங்குகிறார். கதைக்குள் அது ஓர் இயக்கமாகவே வளர்ந்துவிடுகிறது.

கற்பனை இயக்கம்தான். ஆனால் அதன் அடிப்படை வாதம் கற்பனை அல்ல. காலத்தையும் வெளியையும் ஒரே பரப்பாகக் கணிதவியலாளர் மின்கோவ்ஸ்கி 1908-இல் விளக்கியதிலிருந்து, கடந்ததும் வரப்போவதும் நிகழ்வதைப் போலவே உண்மையானவை என்று நம்பும் தத்துவவாதிகள் இருக்கிறார்கள். தன் பழைய நண்பர் பெஸ்ஸோ இறந்தபோது, 1955 மார்ச்சில், ஐன்ஸ்டைன் அந்தக் குடும்பத்துக்கு எழுதிய ஆறுதல் கடிதத்தின் சாரமும் இதுதான். அடுத்த மாதமே அவரும் இறந்தார். ஆகவே இந்தக் கொள்கையைக் கதைக்காரரின் வேடிக்கை என்று தள்ளிவிடாமல் எடைபோட்டுப் பார்க்க வேண்டும்.

இதன் பலம் துக்கத்தில் இருக்கிறது. வானகட் 1944 டிசம்பரில் ஜெர்மானியரிடம் சிறைப்பட்டவர். 1945 பிப்ரவரி 13-ஆம் தேதி இரவு நேச நாட்டு விமானங்கள் டிரெஸ்டன் நகரை எரித்தபோது, ஓர் இறைச்சிக் கூடத்தின் நிலத்தடி அறையில் இருந்ததால் பிழைத்தார். மேலே வந்து பிணங்களைத் தோண்டி எடுக்கும் வேலையைச் செய்தார். அதைப் பற்றி எழுதிமுடிக்க அவருக்கு இருபது ஆண்டுகளுக்கும் மேல் ஆயிற்று. அப்படிப்பட்ட ஒருவருக்கு, ‘அவர்கள் போய்விடவில்லை, அந்தக் கணங்களில் இருக்கிறார்கள்’ என்ற எண்ணம் வெறும் சமாதானம் அல்ல, மூச்சுவிட ஓர் இடம். சொர்க்கம், மறுபிறப்பு எதையும் அது கேட்பதில்லை. வாழ்ந்த வாழ்க்கையை யாரும் அழிக்க முடியாது என்று மட்டும் சொல்கிறது. துக்க வீட்டில் சொல்லப்படும் எத்தனையோ வார்த்தைகளைவிட இது நேர்மையானது என்றே நினைக்கிறேன்.

தர்க்கத்திலும் இது உறுதியாக நிற்கிறது. கடந்த காலம் இன்னும் இருக்கிறது என்றால் அங்கே போகலாமே என்று தோன்றும். அப்படிக் காலப் பயணம் என்றதும் எல்லோரும் கேட்பது: பின்னோக்கிப் போய்த் தாத்தாவைக் கொன்றால் என்ன ஆகும்? தத்துவவாதி டேவிட் லூயிஸ் 1976-இல் எழுதிய கட்டுரையின் பதில் தெளிவானது. துப்பாக்கியும் குறிபார்க்கும் திறமையும் இருப்பதால் பேரனால் சுட முடியும். ஆனால் தாத்தா அன்று சாகவில்லை என்பதால் அவன் தோற்பான், கால் இடறுவது போன்ற ஏதோ ஒரு சாதாரணக் காரணத்தால். முரண்பாடு எதுவும் இல்லை. ட்ரால்ஃபமடோர்வாசிகள் இதை முழுமனதோடு ஏற்றுக்கொண்டவர்கள். பிரபஞ்சம் எப்படி அழியும் என்பதுகூட அவர்களுக்குத் தெரியும். புதிய எரிபொருளைச் சோதிக்கும் அவர்களுடைய விமானி ஒருவன் ஒரு பொத்தானை அழுத்துவான். தடுக்கக் கூடாதா என்று பில்லி கேட்கிறார். அந்தக் கணத்தின் அமைப்பே அப்படி என்கிறார்கள்.

இங்கேதான் கோளாறு தொடங்குகிறது. 1968-இல் பில்லி ஏறும் விமானம் வெர்மான்ட் மலையில் மோதப்போகிறது. காலத்தில் முன்னும் பின்னும் போய்வருபவர் என்பதால் அது அவருக்கு முன்பே தெரியும். மாமனாரும் அதே விமானத்தில் இருக்கிறார். சக தொழில்காரர்களின் பாட்டுக் குழு பாடிக்கொண்டு வருகிறது. எழுந்து சொன்னால் அசடாகத் தெரிவோம் என்று பில்லி வாயைத் திறப்பதில்லை. விமானம் மோதுகிறது. பில்லியும் துணை விமானியும் தவிர எல்லோரும் சாகிறார்கள்.

நடக்கப்போவது நடந்தே தீரும், அதனால் நாம் செய்வதற்கு ஒன்றுமில்லை என்ற இந்த வாதத்தைக் கிரேக்கர்கள் சோம்பேறி வாதம் என்றார்கள். நோய் தீரும் என்று விதி இருந்தால் மருத்துவர் வந்தாலும் வராவிட்டாலும் தீரும், பிறகு எதற்கு மருத்துவர்? ஸ்டோயிக் தத்துவவாதி கிரிசிப்பஸ் விதியை நம்பியவர்தான். இருந்தும் இதை ஏற்கவில்லை. நோய் தீர்வது விதியென்றால் மருத்துவரை அழைப்பதும் அந்த விதியோடு சேர்ந்ததுதான் என்றார். எதிர்காலம் நிலையானது என்பதிலிருந்து நம் செயலுக்குப் பலன் இல்லை என்பது பிறக்காது. அந்த எதிர்காலம் நம் செயல்களால் ஆனது. பொத்தானை அழுத்தும் கை இல்லாமல் பிரபஞ்சம் அழிவதில்லை. ட்ரால்ஃபமடோர் இந்த வேறுபாட்டைக் கவனிக்கவே இல்லை.

தமிழில் இந்த வழக்கு பழையது. எல்லாம் முன்பே விதிக்கப்பட்டது என்னும், ஆசீவகர் என்ற பழைய சமயத்தாரின் நியதிக் கொள்கையில் மனித முயற்சிக்கு இடமில்லை. தென்னாட்டு ஆசீவகர் அதற்கும் மேலே போய், எதுவும் அசைவதில்லை, எல்லாம் நிலைபெற்றே இருக்கிறது என்னும் ‘அவிசலித நித்தியத்துவம்’ பேசினார்கள். சமணக் காப்பியமான நீலகேசி ஒரு சருக்கம் முழுவதையும் ஆசீவகரோடு வாதிட ஒதுக்கியிருக்கிறது. முயற்சியால்தான் வினை கழியும் என்று நம்பிய சமணருக்கு அந்தக் கொள்கையோடு சமரசமே கிடையாது.

ட்ரால்ஃபமடோருக்குள்ளேயே ஓர் ஓட்டையும் இருக்கிறது. அவர்கள் கோளிலும் போர்கள் உண்டு. தடுக்க முடியாததால் அவற்றைப் பார்க்காமல் இனிய கணங்களையே பார்க்கிறார்கள். பில்லிக்கும் அதையே சொல்லித்தருகிறார்கள். தேர்ந்தெடுக்கும் சுதந்திரமே இல்லை என்பவர்கள், இதைப் பார், அதைப் பார்க்காதே என்று எப்படி உபதேசிக்க முடியும்? இனிய கணங்களை மட்டும் பார்க்கிறவனுக்கு டிரெஸ்டன் பற்றி விசாரிக்கும் தேவையும் இல்லாமல் போகிறது. நாவல் இறந்தவர்களின் எண்ணிக்கையை 1,35,000 என்கிறது. டேவிட் எர்விங் என்ற எழுத்தாளரின் நூலிலிருந்து வந்த கணக்கு அது. டிரெஸ்டன் நகரம் அமைத்த வரலாற்றாய்வாளர் குழு ஆவணங்களைத் துருவி, அதிகபட்சம் 25,000 என்று 2010-இல் அறிவித்தது. கடந்த காலம் உறைந்தே இருந்தாலும் அதைப் பற்றி நமக்குத் தெரிந்தது உறைந்துவிடவில்லை. கோரமான கணத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தவர்களால்தான் அது திருந்தியது.

இந்தக் கொள்கை யாருக்கு உதவுகிறது என்பது மருத்துவமனைக் காட்சியில் அப்பட்டமாகத் தெரிகிறது. விபத்துக்குப் பிறகு பில்லியின் பக்கத்துக் கட்டிலில் ரம்ஃபோர்ட் என்ற ஹார்வர்ட் பேராசிரியர் படுத்திருக்கிறார். அமெரிக்க விமானப்படையின் வரலாற்றை எழுதுகிறவர். டிரெஸ்டனை எரித்தது அவசியமாக இருந்தது என்று அவர் அழுத்திச் சொல்கிறார். அந்த நெருப்பின் கீழே இருந்த பில்லி மறுக்கவில்லை. எல்லாம் சரிதான், அவரவர் செய்ய வேண்டியதைத்தான் செய்கிறார்கள், இதை ட்ரால்ஃபமடோரில் கற்றேன் என்கிறார். பாதிக்கப்பட்டவருக்கு ஆறுதலாக வந்த தத்துவம் குண்டு போட்டவருக்கு மன்னிப்புச் சீட்டாகிவிடுகிறது. நாவலிலேயே என்னை மிகவும் கோபப்படுத்தும் இடம் இது. வானகட்டும் கோபத்தோடுதான் எழுதியிருக்கிறார் என்று நம்புகிறேன்.

அந்த நம்பிக்கைக்குக் காரணம் நாவலின் முதல் அத்தியாயம். பில்லியின் கதை தொடங்கும் முன்பே அங்கே வானகட் தன் குரலில் பேசுகிறார். பைபிளில், எரியும் ஊரைத் திரும்பிப் பார்த்ததால் உப்புத்தூணான லோத்தின் மனைவியை நேசிப்பதாகச் சொல்கிறார். படுகொலைகளில் எக்காரணம் கொண்டும் பங்கேற்கக் கூடாது, எதிரிகள் கொல்லப்பட்ட செய்தியில் மகிழக் கூடாது, படுகொலைக்கான இயந்திரங்களைச் செய்யும் நிறுவனங்களில் வேலை பார்க்கக் கூடாது என்று தன் மகன்களுக்குச் சொல்லியிருப்பதாக எழுதுகிறார். வியட்நாம் போர் நடந்துகொண்டிருந்த வருடத்தில் அச்சான பக்கங்கள் அவை. பில்லியின் போதனைக்குப் போகிற எந்த வாசகரும் அந்தக் கட்டளைகளைப் படித்துவிட்டுத்தான் போகிறார்.