தோம்பும் வீடும்: தா. சனாதனனின் கலை பற்றிக் கல்முனைக் கரையிலிருந்து ஒரு நோக்கு

ஒல்லாந்தர் ஆட்சிக் காலத்தில் காணிகளையும் குடிகளையும் பதிந்து வைத்த ஏடு தோம்பு எனப்பட்டது. வரி திரட்டுவோனின் தேவைக்காக எழுந்த ஏடு அது. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகக் கலைவரலாற்று ஆசிரியரும் ஓவியருமான தா. சனாதனன், 2011இல் வெளிவந்த தமது கலைநூலுக்கு ‘முற்றுப்பெறாத தோம்பு’ எனப் பொருள்படும் தலைப்பைச் சூட்டினார். ஆளுவோனின் ஏட்டை இழந்தோரின் ஏடாக மாற்றியமையே அந்நூலின் அடிப்படைச் செயல் எனலாம்.

போரினால் இடம்பெயர்ந்த தமிழ் பேசும் மக்கள் தாம் இழந்த வீட்டின் தரைப்படத்தை நினைவிலிருந்து வரைகின்றனர். அது கட்டடக்கலைஞரின் அளவுப்படமாகின்றது. பின்னர் கலைஞரின் சித்திரமாகின்றது. இவ்வாறு எண்பது வீடுகள் நூலில் இடம்பெறுகின்றன. கிணறு எங்கே இருந்தது, குசினி எப்பக்கம் பார்த்தது என நினைவுகூரும் கைகளே இங்கு முதற் படைப்பாளிகள். 1981இல் எரியுண்டு மீளக் கட்டப்பட்ட யாழ்ப்பாணப் பொது நூலகத்தில், மக்கள் தம் வீடுகளிலிருந்து தந்த பொருள்களைக் கொண்டு சனாதனன் 2004இல் அமைத்த நிர்மாணக் கலையும் இத்தகையதே. பார்வையாளரைப் பங்காளராக்கும் இம்முறையினால் காண்பியக் கலை நிகழ்த்துகையின் இயல்பையும் பெறுகின்றது.

‘தமிழ் பேசும் மக்கள்’ என்ற தொடர் எமது அரசியலில் பெரிதும் மேடைக்குரியதாகவே இருந்துள்ளது. 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடபுல முஸ்லிம்களை வெளியேற்றியபோது அதன் பொய்மை வெளிப்பட்டது. இந்நூலிலோ, தமிழரின் வீடும் முஸ்லிமின் வீடும் ஒரே ஏட்டில், ஒரே ஒழுங்கில் பதிவாகின்றன. இது சிறிய சாதனையன்று.

ஆயினும், இந்த ஒரே ஒழுங்கே நூலின் எல்லையுமாகின்றது. நாற்சார் வீட்டுக்கும் கூலியாளின் குடிசைக்கும் சம அளவான பக்கம் கிடைக்கின்றது. இழப்பின் முன் யாவரும் சமம் என்ற மனிதநேயம் இதிலுண்டு. எனினும் இழப்பதற்கு முன்னரே நிலவிய உடைமை வேறுபாட்டை அது மங்கச் செய்கின்றது. காணி உறுதி யாருடைய பெயரில் இருந்தது என்ற வினாவுக்குத் தரைப்படம் விடை தராது.

கல்முனைக்குடி, சாய்ந்தமருது, மருதமுனை ஆகிய ஊர்களிலிருந்து நோக்கும்போது இவ்வினா மேலும் கூர்மையடைகின்றது. இக்கரையோரத்தில், தமிழரிடையே போன்று முஸ்லிம்களிடையேயும், வீடு சீதனமாக மகளுக்கே செல்லும். மணமகன் மனைவியின் வீட்டில் குடியேறுவான். தாய்வழிக் குடி முறையும் பெண்ணின் வீட்டுடைமையும் இணைந்த சமூக அமைப்பு இது. கடலோரச் சிறு வளவாயினும், அதன் உரிமை பெண்ணுக்குக் குடும்பத்தினுள் ஓரளவு வலுவைத் தந்தது. அவ்வீட்டைக் கட்டிக் கொடுக்கும் சுமை மீனவரையும் நெசவாளரையும் கடனாளிகளாக்கியது என்பதும் உண்மையே.

2004 டிசெம்பர் 26இன் ஆழிப்பேரலை இவ்வீடுகளை அழித்தது. அடுத்து வந்தது அரசின் ஏடு. வடக்குக் கிழக்கில் கரையிலிருந்து இருநூறு மீற்றருக்குள் மீளக் கட்டலாகாது என முதலில் விதிக்கப்பட்டது. பின்னரே அது தளர்த்தப்பட்டது. ‘குடும்பத் தலைவர்’ என்ற நிருவாக வகைப்பாட்டின்படி புதிய வீடுகள் பல ஆண்களின் பெயரில் எழுதப்பட்டன. அக்கரைப்பற்று நுரைச்சோலையில் சவூதி உதவியுடன் கட்டப்பட்ட ஐந்நூறு வீடுகள் இனமுரண்பாட்டிலும் வழக்கிலும் சிக்கிப் பல ஆண்டுகள் கையளிக்கப்படாமற் கிடந்தன. கடல் கொண்டது சுவரையும் கூரையும். பெண்ணின் உடைமையைப் பறித்தது படிவத்தின் ஒரு கட்டம்.

இக்கரையில் ஒரு தோம்பு வரையப்படுமாயின் அதைப் பெண்களே வரைதல் வேண்டும். அவர்களின் தரைப்படத்தில் அறைகளோடு உரிமையும், கடனும், பெயர் மாற்றமும் பதிவாதல் வேண்டும். சனாதனன் அமைத்த முறை அதற்கு இடமளிக்கின்றது. ‘முற்றுப்பெறாத’ என்ற சொல்லை நாம் அவ்வாறே பொருள்கொள்கின்றோம். அடையாளத்தை நினைவாக மட்டும் பேணும் கலை இரங்கலோடு நின்றுவிடும். அதன் உடைமை அடித்தளத்தையும் வெளிக்கொணரும் கலையே சமூக மாற்றத்துக்கான ஆவணமாகும்.