கம்பெனிக்கும் பட்டறைக்கும் நடுவே ஒரு மேடை

தமிழில் நவீன நாடகம் 1977இல் பிறந்தது என்பது இன்று யாரும் கேள்வி கேட்காத கணக்காகிவிட்டது. அந்த ஆண்டில் கூத்துப்பட்டறை தொடங்கியது. காந்திகிராமத்தில் நாடகப் பயிற்சிப் பட்டறை நடந்தது. அதை ஒட்டியே ஞாநியின் பரீக்‌ஷாவும் மதுரையில் மு. ராமசுவாமியின் நிஜ நாடக இயக்கமும் வந்தன. அதற்கு முன்னால் என்ன இருந்தது என்று கேட்டால், சங்கரதாஸ் சுவாமிகளின் பாட்டு, பம்மல் சம்பந்த முதலியாரின் தழுவல்கள், திராவிட இயக்கத்தின் அடுக்கு வசனம், சபாக்களின் துணுக்குத் தோரணம் என்று நாலு சொல்லில் முக்கால் நூற்றாண்டை மூட்டை கட்டி ஓரமாக வைத்துவிடுகிறார்கள். பட்டறைக்காரர்கள் செய்த வேலை பெரிது, அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அவர்களுக்கு முன்னால் வெறும் பொட்டல்தான் கிடந்தது என்பது உண்மைக்கு மாறானது. அந்தக் கணக்கில் திட்டமிட்டோ திட்டமிடாமலோ விடுபட்டுப்போகிற முதல் பெயர், கோவைச் சிங்காநல்லூரில் 1913இல் பிறந்த எஸ்.வி. சகஸ்ரநாமம். அவரை விட்டுவிட்டு எழுதப்படும் நவீன நாடக வரலாறு நடுவில் பலகை கழன்ற பாலம் மாதிரி. இரண்டு கரையும் தெரியும், நடந்து கடக்க முடியாது.

ஆரம்பக் கட்டங்களை வாசகர்கள் அறிவார்கள். 1891இல் சென்னையில் சுகுண விலாச சபை. படித்தவர்கள் மேடை ஏறுவது கேவலமில்லை என்று பம்மல் நிறுவிக்காட்டினார். 1922இல் சங்கரதாஸ் சுவாமிகள் மறைந்தபோது தமிழ்நாடு முழுக்கப் பாய்ஸ் கம்பெனிகள் என்ற சிறுவர் நாடகக் குழுக்கள் சுற்றிக்கொண்டிருந்தன. கொங்கு நாட்டில் இந்தக் கம்பெனிகளுக்கு இருந்த மவுசுக்குப் பஞ்சும் ஒரு காரணம் என்று நினைக்கிறேன். விளைச்சலை எதிர்பார்த்துக் கடன் வாங்கும் ஊருக்கும் கையில் கூலி புரளும் ஊருக்கும் வித்தியாசம் உண்டு. 19ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே கோவையில் ஸ்டேன்ஸ் மில் வந்துவிட்டது. திருப்பூரில் ஜின்னிங் ஆலைகளும் பஞ்சுச் சந்தையும் இருந்தன. 1925 வாக்கில் பனியன் தறியும் வந்தது. 1930களில் பைக்காரா மின்சாரம் இறங்கியதும் சிங்காநல்லூரைச் சுற்றி மில் சங்கு ஊதத் தொடங்கியது. டிக்கெட் வாங்கி நாடகம் பார்க்கிற கூட்டம் அந்தக் கூலியிலிருந்து உருவானது. உடுமலை அருகே பூளவாடியில் பிறந்த நாராயண கவி மேடைப் பாட்டிலிருந்து திரைப்பாட்டுக்குப் போனதும், அதே வட்டாரத்து வல்லகுண்டபுரத்துக் கவுண்டமணி நாடக மேடையில் காலூன்றி சினிமாவுக்கு வந்ததும் இந்த மண்ணின் தொடர்ச்சிதான். இன்று திருப்பூரில் ‘கம்பெனிக்குப் போறேன்’ என்றால் பனியன் கம்பெனி என்று பொருள். நூறு ஆண்டுகளுக்கு முன் அதே சொல்லுக்கு ஒரு பையன் வீட்டைவிட்டு நாடகக்காரனாகப் போகிறான் என்றும் பொருள் இருந்தது.

சகஸ்ரநாமம் அப்படிப் போனவர். டி.கே.எஸ். சகோதரர்களின் மதுரை ஸ்ரீ பால ஷண்முகானந்த சபாவில் சிறுவனாகச் சேர்ந்தார். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனும் கே.ஆர். ராமசாமியும் அங்கே உருவானவர்கள். வாத்தியார் சொல்லிக்கொடுக்க, பாடம் முழுவதையும் நெட்டுருப் போட்டு, எந்த வேடம் விழுந்தாலும் அதை எடுத்துக் கட்டும் கடுமையான பயிற்சி அது. 1935இல் அந்தக் குழு ‘மேனகா’ படத்தின் மூலம் திரைக்கு வந்தபோது இவரும் வந்தார். ஆனால் அவருடைய குணத்தைக் காட்டும் காலம் அதற்குப் பத்து ஆண்டுகள் கழித்து வருகிறது. 1944இன் இறுதியில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கலைவாணர் கைதானார். தலைவன் சிறையில், வழக்குச் செலவு ஒருபக்கம், சோற்றுக்கு வழி தேடும் நடிகர்கள் ஒருபக்கம் என்றிருந்த நேரத்தில் என்.எஸ்.கே. நாடக சபாவைத் தாங்கி நடத்தியவர் சகஸ்ரநாமம். இளம்பெண்ணை முதியவருக்குக் கட்டிவைக்கும் கொடுமையைப் பேசிய ‘பைத்தியக்காரன்’ அந்தக் காலத்து நாடகம். 1947இல் கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் படமானபோது அவரே நாயகன். அந்த ஆண்டு கலைவாணர் விடுதலையாகி வந்தபோது சபா உயிரோடு இருந்தது. ஒரு குழுவைக் கட்டிக்காப்பது நடிப்பைவிடக் கடினமான வேலை என்று அவர் அந்த நாட்களில்தான் கற்றிருக்க வேண்டும்.

நான் நின்று பார்க்க விரும்புவது ஐம்பதுகளையும் அறுபதுகளின் முற்பாதியையும். சகஸ்ரநாமத்தின் நாடகக் குழுவான சேவா ஸ்டேஜ் அந்த ஆண்டுகளில் செய்த முக்கியமான காரியம் ஒன்று உண்டு: அது நாடகம் கேட்டு எழுத்தாளனின் வாசலுக்குப் போனது. மணிக்கொடி இதழின் பி.எஸ். ராமையா அதற்காகத் ‘தேரோட்டி மகன்’ எழுதினார், ‘மல்லியம் மங்களம்’ எழுதினார், ‘போலீஸ்காரன் மகள்’ எழுதினார். கோகலின் ரஷ்ய அங்கதத்தைத் தமிழ்நாட்டுப் பஞ்சாயத்துக்குள் இறக்கிப் ‘பிரசிடெண்ட் பஞ்சாட்சரம்’ எழுதினார். தி. ஜானகிராமன் ‘நாலு வேலி நிலம்’, ‘வடிவேலு வாத்தியார்’, ‘டாக்டருக்கு மருந்து’ ஆகியவற்றைத் தந்தார். கு. அழகிரிசாமி கம்பனை வைத்துக் ‘கவிச்சக்கரவர்த்தி’ எழுதினார். பாரதியின் ‘பாஞ்சாலி சபதம்’ மேடை ஏறியது. இந்தப் பெயர்களை ஒருமுறை மெதுவாகப் படித்துப் பார்க்க வேண்டும். நவீனத் தமிழ்ச் சிறுகதையை உருவாக்கிய கைகள் இவை. சிறுபத்திரிகையின் சில நூறு வாசகர்களுக்கு எழுதிக்கொண்டிருந்தவர்களை, காசு கொடுத்து நாற்காலியில் வந்து உட்காரும் மனிதர்கள் முன்னால் ஒரு நடிகர் கொண்டுவந்து நிறுத்தினார். பல்கலைக்கழகமோ அரசு நிறுவனமோ முன்னின்று செய்ய வேண்டிய வேலை இது. எட்டணா டிக்கெட்டை நம்பி வளர்ந்த ஒரு கம்பெனிக்காரர் அதைச் செய்தார். நடிகர்களுக்கு முறையாகக் கல்வி வேண்டும் என்று நாடகப் பயிற்சிக்கும் ஏற்பாடு செய்தார். முத்துராமன் என்ற நல்ல நடிகர் அந்த மேடையிலிருந்துதான் சினிமாவுக்குப் போனார். கூத்துப்பட்டறையிலிருந்து பசுபதியும் கலைராணியும் திரைக்கு வந்ததைப் பட்டறையின் பெருமையாகச் சரியாகவே எழுதுகிறோம். அதே நியாயம் முத்துராமன் வந்த இடத்துக்கும் உண்டு.

அவருடைய நடிப்பை அறிய இன்று நமக்கு மிஞ்சியிருப்பது திரைப்படங்கள்தான். 1952இன் ‘பராசக்தி’யை எடுத்துக்கொள்வோம். அந்தப் படத்தைப் பற்றிப் பேசுகிற எவரும் குணசேகரனின் நீதிமன்றப் பேச்சைத்தான் பேசுவார்கள். சிவாஜி கணேசன் என்ற புயல் அங்கே பிறந்தது, பேசட்டும். ஆனால் அதே நீதிமன்றத்தில் கல்யாணி கூண்டில் நிற்கும் காட்சியைத் திரும்பப் பாருங்கள். நீதிபதி சந்திரசேகரனாகச் சகஸ்ரநாமம் உட்கார்ந்திருக்கிறார். தன் வீட்டு வாசலில் பசியோடு வந்து நின்றவளைத் தங்கை என்று அறியாமல் விரட்டியடித்தவர் அவர். அவள் தன் கதையைச் சொல்லச் சொல்ல, இவள் யார் என்பது அவருக்குள் இறங்குகிறது. கடைசியில் மயங்கிச் சாய்கிறார். வசனம் முழுக்க எதிராளியிடம் இருக்கிறது. நாற்காலியை விட்டு எழ முடியாது, கையை வீச முடியாது, அழக்கூட முடியாது. கேட்பது ஒன்றே அவருக்கு விதிக்கப்பட்ட நடிப்பு. பேசுகிறவனுக்கே கைதட்டல் என்றிருந்த அந்தக் காலத் தமிழ் மேடையில் கேட்டுக்கொண்டிருப்பதை ஒரு கலையாக்கியவர் மிகச் சிலர். 1962இல் ஸ்ரீதர் படமாக்கிய ‘போலீஸ்காரன் மகள்’ இதே அடக்கத்தின் இன்னொரு முகம். தந்தைப் பாசமும் காக்கிச் சட்டையின் கடமையும் மோதுகிற அந்த வேடத்தில் கத்துவதற்கு எத்தனையோ வாய்ப்பு உண்டு. அவர் உடம்பை விறைப்பாக நிறுத்தியே வலியைத் தெரிவித்துவிடுகிறார். பாட்டும் முழக்கமுமான கம்பெனிப் பள்ளியில் வளர்ந்த ஒருவர் இந்த இடத்துக்கு வந்து சேர, கற்றதில் பாதியை உதறியிருக்க வேண்டும். நவீனத்துவம் என்ற சொல்லுக்கு நடிப்பில் இதைவிட நல்ல சான்று எனக்குத் தெரியாது.

இதற்கு மறுப்புகள் உண்டு. முதலாவது, வடிவம் பற்றியது: சேவா ஸ்டேஜ் நாடகங்கள் திரைகட்டிய படச்சட்ட மேடையில் நடந்த யதார்த்த நாடகங்கள்; அவற்றில் உடல்மொழி இல்லை, கூத்தின் அடவு இல்லை, மேடையின் வெளியைப் பற்றிய சிந்தனை இல்லை என்பார்கள். பெரிய அளவில் இது சரி. தெருக்கூத்தின் பெருமையை நகரத்துக்கு உணர்த்தியதில் கூத்துப்பட்டறையின் ந. முத்துசாமிக்கு உள்ள இடம் சகஸ்ரநாமத்துக்கு இல்லை. ஆனால் யதார்த்தத்தை ஒரு மொழியின் நாடகம் முழுதாக வாழ்ந்து தீர்த்த பிறகுதான் அதைத் தாண்டிப் போக முடியும். மராத்தியிலும் வங்காளத்திலும் அந்தக் கட்டம் நீண்டு நிகழ்ந்தது. விஜய் டெண்டுல்கர் அதன் தோளில் ஏறி நின்றார். தமிழில் அது சேவா ஸ்டேஜோடு தொடங்கிப் பாதியில் அறுந்தது. சாதாரண மனிதர்கள் சாதாரணத் தமிழில் பேசிக்கொள்ளும் ஒரு காட்சியை நம்பும்படி நடிக்க நம்முடைய சோதனைக் குழுக்கள் இன்றும் தடுமாறுவது அந்த அறுபட்ட இடத்தில்தான். உடம்பு பேசுகிறது, பயிற்சி தெரிகிறது, வாயைத் திறந்ததும் வசனம் செத்துவிடுகிறது.

இரண்டாவது மறுப்பு இலக்கியத் தரப்பிலிருந்து வரும். ராமையாவின் நாடகங்கள் அவருடைய சிறந்த கதைகளுக்கு ஈடாகாது, ‘நாலு வேலி நிலம்’ எங்கே, ‘மோகமுள்’ எங்கே என்பார்கள். ஒப்புக்கொள்கிறேன். ஜானகிராமனின் நாடகங்களில் அவருடைய நாவல்களின் காற்று வீசுவதில்லை. ஆனால் ஓர் எழுத்தாளன் நாடகாசிரியனாக முதிர்வதற்கு அவனுக்கென்று ஒரு குழு வேண்டும். எழுதியது ஆறு மாதத்தில் மேடை ஏறும் என்ற உறுதி வேண்டும். எந்த வரியில் கூட்டம் இருமத் தொடங்குகிறது என்று பின்வரிசையில் நின்று பார்க்கும் அனுபவமும் வேண்டும். அந்த வசதி ஜானகிராமனுக்கு மூன்று நாடகங்கள் வரை கிடைத்தது. இன்னும் பத்து ஆண்டுகள் கிடைத்திருந்தால் என்ன எழுதியிருப்பார் என்பதுதான் கேட்க வேண்டிய கேள்வி. பின்னால் வந்த இந்திரா பார்த்தசாரதியின் நாடகங்கள் பல ஆண்டுகளாக அச்சில்தான் அதிகம் வாழ்ந்தன. அவற்றைத் தோளில் சுமக்க ஒரு தமிழ்த் தொழில்முறைக் குழு அப்போது இல்லை.

மூன்றாவது மறுப்புதான் கனமானது: சேவா ஸ்டேஜ் நீடிக்கவில்லை. 1959இல் அவர் தயாரித்து, முக்தா சீனிவாசன் இயக்கிய ‘நாலு வேலி நிலம்’ படம் பெரிய வெற்றி காணவில்லை. சினிமாவில் சம்பாதித்ததை மேடையில் போடும் ஏற்பாடு எந்த மனிதனுக்கும் வெகுகாலம் தாங்காது. 1967இல் சங்கீத நாடக அகாதெமி விருது வந்தது. விருதால் ஒரு குழுவுக்குச் சோறு போட முடியாது. பார்வையாளர்களும் பெரும்பாலும் சென்னை நடுத்தர வர்க்கத்தார், சபா உறுப்பினர்கள். அவர்களை அடுத்த பத்தாண்டில் சிரிப்பு நாடகங்கள் மொத்தமாக அள்ளிக்கொண்டு போயின. ஆக, தோல்வி உண்மை. ஆனால் அந்தத் தோல்வியிலிருந்து நாம் கற்ற பாடம் தவறு. காசு கொடுத்துப் பார்க்கும் பொதுமக்களை நம்பினால் நாடகம் கெட்டுவிடும் என்று நினைத்து, நவீன நாடகம் மானியத்தையும் பல்கலைக்கழக அரங்கையும் நண்பர் கூட்டத்தையும் நம்பத் தொடங்கியது. சகஸ்ரநாமத்தின் குறை பொதுமக்களை நம்பியது என்றால் நான் ஏற்க மாட்டேன். அந்தப் பொதுமக்கள் மயிலாப்பூரிலும் தியாகராய நகரிலும் மட்டும் இருக்கிறார்கள் என்று அவருடைய காலம் அவரை நம்பவைத்ததுதான் குறை. அவரைக் கம்பெனிக்கு அனுப்பிவைத்த கோவை மில் வட்டாரத்துக்கு அந்த நாடகங்கள் வாராவாரம் திரும்பி வந்திருந்தால் கணக்கு வேறாக இருந்திருக்கும்.

எனவே இன்று நாடகம் செய்ய விரும்புகிற இளைஞர்களுக்கு, குறிப்பாகத் திருப்பூர், அவிநாசி, பல்லடம், உடுமலைப் பக்கத்து இளைஞர்களுக்குச் சொல்ல வேண்டியது ஒன்று உண்டு. இந்த ஊர்களில் கலை இலக்கிய இரவுகளும் வீதி நாடகங்களும் நடந்திருக்கின்றன. கூட்டம் வராது என்று யாரும் சொல்ல முடியாது. இல்லாதது வாராவாரம் நடக்கும் மேடை, அதற்கு எழுதும் எழுத்தாளன், அதில் தேர்ந்த நடிகன். கட்டிங் மேசையிலும் ஓவர்லாக் மிஷினிலும் ஒன்றரை ஷிப்ட் வேலை பார்த்துவிட்டுச் சனிக்கிழமை இரவு சம்பளம் வாங்குகிறவர்கள் இங்கே லட்சக்கணக்கில் இருக்கிறார்கள். மதுரையிலிருந்தும் தேனியிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் பிழைக்க வந்த அவர்களுடைய வாழ்க்கை சிறுகதைகளிலும் நாவல்களிலும் வந்துவிட்டது. மேடைக்கு இன்னும் போதிய அளவு வரவில்லை. ஒரு குழுவாவது இந்தப் பகுதி எழுத்தாளரிடம் போய், எங்களுக்கு ஒரு நாடகம் எழுதிக் கொடுங்கள் என்று கேட்கட்டும். அது எழுதி முடியும் வரை ‘நாலு வேலி நிலம்’ நாடகத்தைத் தேடி எடுத்து ஒத்திகை பார்க்கட்டும். டிக்கெட்டுக்கு ஒரு சினிமாக் கட்டணத்தில் பாதி வைத்தால் போதும், இலவசமாக மட்டும் நடத்த வேண்டாம். நடத்தும் நாள் ஞாயிற்றுக்கிழமை மாலையாக இருக்கட்டும்; திருப்பூருக்கு அன்றுதான் விடுமுறை.