சும்மா இருக்கத் தெரிந்த கருவி

கடலூரிலிருந்து சிதம்பரம் போகும் சாலையில், சிப்காட் தொழிற்பேட்டை ஆலைகளின் பம்புகள் இராப்பகலாக ஓடுகின்றன. பேஸ்மேக்கரும் நெஞ்சுக்குள் அப்படித்தான் ஓயாமல் வேலை செய்யும் என்று பலர் நினைக்கிறார்கள். இல்லை. சும்மா இருக்கத் தெரிந்ததுதான் அதன் அழகே.

இதயத்தின் வலது மேலறையில் உள்ள சைனஸ் கணுவில்தான் துடிப்பு பிறக்கிறது. அது சோர்ந்தாலோ, கீழறைக்குப் போகும் வழி அடைபட்டாலோ தலைசுற்றும், மயக்கம் வரும். அப்போதுதான் பேஸ்மேக்கர் தேவைப்படுகிறது. காறை எலும்புக்குக் கீழே தோலுக்கடியில் வைக்கும் டைட்டானியப் பெட்டியிலிருந்து மெல்லிய கம்பி ஒன்று சிரைவழியே இறங்கி இதயத்தின் உட்சுவரைத் தொடுகிறது. நிமிடத்துக்கு 60 என்று அமைத்திருந்தால் கருவி ஒரு விநாடி பொறுக்கும். துடிப்பு தானாக வந்துவிட்டதா, பேசாமல் இருக்கும். வரவில்லையா, அரை மில்லிவிநாடி அளவுக்கு ஒரு சிறு மின்தூண்டல். அவ்வளவுதான். என்ன ஒரு பொறுமை!

1958 அக்டோபர் 8 அன்று ஸ்டாக்ஹோமில் முதன்முதலாக உடலுக்குள் வைத்த கருவி சில மணி நேரமே உழைத்தது. அதை ஏற்ற ஆர்னே லார்சனோ, அடுத்தடுத்துக் கருவிகளை மாற்றிக்கொண்டு 2001 வரை வாழ்ந்தார்.

பேஸ்மேக்கர் வைத்துக்கொண்ட ஆலைத் தொழிலாளர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். ஆர்க் வெல்டிங், பெரிய மோட்டார் இவற்றின் மின்காந்தச் சலனத்தை இதயத்தின் துடிப்பென்று எண்ணிக் கருவி சும்மா இருந்துவிடலாம். அந்தச் சும்மா ஆபத்தானது. வேலைக்குத் திரும்புமுன் என்ன வேலை, எந்த இயந்திரம் என்று டாக்டரிடம் விவரமாகச் சொல்லுங்கள். வெல்டிங் கேபிளைத் தோளில் போட்டுக்கொள்ளவே வேண்டாம்.