ஆய்வுப் போர்வையில் வாணிகம்

கலைக்கு ஆகாத பொருள் என ஒன்றில்லை. ஆகாதது அதனைக் கையாளும் முறையே. இதற்குத் தக்க சான்று, 1965-இல் அமெரிக்காவில் வெளிவந்த 'செயின்டு கேர்ள்ஸ்' என்னும் படம். ஜோசப் மாவ்ரா இயக்கிய இது, பெண்ணைக் காதலிக்கும் பெண்களைப் பற்றியது.

1934 முதல் ஹாலிவுட்டில் கண்டிப்புடன் நடைமுறைப்படுத்தப்பெற்ற தயாரிப்பு நெறிமுறை, இப்பொருளை விலக்கி வைத்தது. லில்லியன் ஹெல்மனின் நாடகமொன்றில் இரு பள்ளி ஆசிரியைகள் மீது இத்தகைய காதற் பழி சுமத்தப்படும். 1936-இல் அது படமானபோது, ஒருத்தி மற்றவளுக்கு நிச்சயிக்கப்பட்ட ஆடவனோடு உறவு கொண்டாள் என்பதாகப் பழியே மாற்றப்பட்டது. விதி தளர்ந்த 1961-இல் அதே இயக்குநர் வில்லியம் வைலர், நாடகத்திலுள்ள பழியையே மீண்டும் படமாக்கினார். ஆயினும் தன் காதலை ஒப்புக்கொண்ட ஆசிரியை தூக்கிட்டு மாய்கிறாள்.

பெரிய படக் கழகங்கள் தயங்கிய இடத்தில், அந்நெறிமுறைக்குக் கட்டுப்படாத சிறு வணிகர் கடை விரித்தனர். மாவ்ராவின் படம் தன்னை ஆராய்ச்சி என்றே காட்டிக்கொள்கிறது. வினா எழுப்புகிறது, விழுக்காடு கூறுகிறது, பெண்களை வகை பிரிக்கிறது. ஆனால் காட்டும் நிகழ்ச்சிகளோ நடிகையரைக் கொண்டு புனைந்தவை. அவர்களுக்காகப் பேசுவது பின்னணியில் ஒலிக்கும் ஆடவர் குரல்.

தொல்காப்பியர் வகுத்த எண்வகை மெய்ப்பாடுகளுள் இளிவரல், மருட்கை, அச்சம் என்னும் மூன்றையே இப்படம் எழுப்ப முயல்கிறது. அழுகைக்கும் உவகைக்கும் அங்கு இடமில்லை. துன்பமும் மகிழ்வும் மறுக்கப்பட்டவரை மாந்தராகக் காண்பது எங்ஙனம்?

அப்பெண்கள் பேச அறியாதவர் அல்லர். 1955-இல் சான்பிரான்சிஸ்கோவில் 'பிலிட்டிசின் மகளிர்' என்னும் சங்கம் கண்டனர். 1956 முதல் 1972 வரை, ஏணி எனப் பொருள்படும் 'தி லேடர்' என்ற இதழை நடத்தினர். கதையும் கவிதையும் நூல் மதிப்புரையும் கடிதங்களும் அதில் வெளிவந்தன. அடையாளம் தெரிந்தால் வேலை பறிபோகும் என்று அஞ்சிப் பலர் புனைபெயரில் எழுதினர். அவ்வச்சத்திற்கு எருவிட்டவை இத்தகைய படங்களே.

விழுக்காடு சொல்வதால் மட்டும் ஒன்று ஆய்வாகிவிடாது. ஆராயப்படுவோரின் சொல்லைக் கேட்பதே ஆய்வாளன் முதற்கடன். அதனைக் கேளாத படம், எப்போர்வை போர்த்தினும், வாணிகமே.