அடைக்காமல் விட்ட நேரம்

விளையாட்டு ஒலிபரப்பில் கோல்ஃப் வர்ணனையைப் போலக் கடினமான வேலை வேறில்லை என்பது என் எண்ணம். கால்பந்தில் பந்து ஓடிக்கொண்டே இருக்கும்; வர்ணிப்பவர் அதன் பின்னால் ஓடினால் போதும். கோல்ஃபில் ஒருவர் பதினெட்டுக் குழிகளை ஆடி முடிக்க நாலு மணி நேரத்துக்கு மேல் ஆகலாம். அதில் மட்டை பந்தைத் தொடும் நேரத்தையெல்லாம் கூட்டினாலும் ஒரு நிமிடம் தேறாது. மற்றதெல்லாம் நடை, காத்திருப்பு, குனிந்து புல்லின் சரிவைப் பார்ப்பது, காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது என்று யோசிப்பது. இந்த நேரத்தைப் புள்ளிவிவரத்தால் நிரப்பலாம், உற்சாகக் கூச்சலால் நிரப்பலாம். பீட்டர் அலிஸ் இரண்டையும் செய்யவில்லை. அந்த நேரத்தை அவர் திறந்தே விட்டார். பார்ப்பவர் அதற்குள் போய் உட்கார்ந்துகொள்ள முடிந்தது.

1961 முதல் 2020 வரை, ஏறத்தாழ அறுபது ஆண்டுகள் பி.பி.சி.யில் ஒலித்த குரல் அவருடையது. கனமான குரல், அவசரம் தெரியாத பேச்சு. ஒரு வாக்கியத்தைத் தொடங்கிவிட்டு, ஆட்டக்காரர் பந்தின் அருகே போய் நின்றதும் பாதியிலேயே நிறுத்திவிடுவார். பந்து பறந்து, விழுந்து, உருண்டு நிற்கும் வரை ஒரு சொல்லும் வராது. பிறகு நாலைந்து சொற்கள் வரும். படத்தில் தெரிவதை அவர் திரும்பச் சொன்னதில்லை. படத்தில் தெரியாத ஒன்றை, புல்லின் ஈரத்தையோ அடித்தவரின் மனநிலையையோ சொல்லுவார். கேமரா சும்மா திரும்பி ஒரு கடற்பறவையையோ கூட்டத்தில் கண்ணயர்ந்த பெரியவரையோ காட்டினால், அதற்கும் அவரிடம் ஒரு சின்னக் கதை இருக்கும்.

அவர் கோல்ஃபுக்குள்ளேயே பிறந்தவர். அப்பா பெர்சி அலிஸ் பெயர் பெற்ற தொழில்முறை ஆட்டக்காரர். ஜெர்மனியில் வான்சே கோல்ஃப் கிளப்பில் பயிற்சியாளராக அவர் வேலை பார்த்த காலத்தில், 1931 பிப்ரவரி 28 அன்று பெர்லினில் பீட்டர் பிறந்தார். குடும்பம் இங்கிலாந்து திரும்பியது. பதினாலு வயதில் பள்ளிப் படிப்பு முடிந்தது. டார்செட்டில் அப்பாவின் கிளப்பிலேயே உதவியாளராகச் சேர்ந்து மறு ஆண்டே தொழில்முறை ஆட்டக்காரர் ஆனார். அமெரிக்க அணியுடன் மோதும் ரைடர் கோப்பையில் ஆடிய முதல் அப்பா-மகன் இவர்கள்தான்.

ஆட்டக்காரராக அவர் சாதாரணமானவர் அல்லர். 1958இல் இத்தாலி, ஸ்பெயின், போர்ச்சுகல் ஓப்பன் போட்டிகளை அடுத்தடுத்த மூன்று வாரங்களில் வென்றார். பிரிட்டிஷ் பி.ஜி.ஏ. சாம்பியன் பட்டம் மூன்று முறை. ரைடர் கோப்பை அணியில் எட்டு முறை. 1963இல் அட்லாண்டாவில், அமெரிக்காவின் செல்லப்பிள்ளையான ஆர்னால்ட் பால்மரை நேருக்கு நேர் ஆடி வீழ்த்தினார். நீண்ட அடிகளில் அவருடைய வீச்சு அவ்வளவு அழகு என்று உடன் ஆடியவர்கள் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் பிரிட்டிஷ் ஓப்பனில் எட்டாம் இடத்துக்கு மேல் அவர் ஏறவே இல்லை.

காரணம் குழிக்கு அருகில் இருந்தது. 1953இல் வென்ட்வொர்த்தில் அவருடைய முதல் ரைடர் கோப்பை; வயது இருபத்திரண்டு. ஜிம் டர்னீசாவுடன் ஆட்டம் கடைசிக் குழி வரை போயிற்று. எதிராளி மரங்களுக்குள் அடித்துவிட்டுத் தவிக்கிறார். வாய்ப்பு அலிஸ் கையில். குழிக்குப் பக்கத்திலிருந்து தட்டிவிட வேண்டிய எளிய அடியைச் சொதப்பினார், அடுத்து குழிக்குள் உருட்டிவிட வேண்டிய ஒரு குறுகிய ‘பட்’ அடியையும் தவறவிட்டார். அந்தப் போட்டியை பிரிட்டன் ஒரே ஒரு புள்ளியில் இழந்தது. நாலு ஆண்டு கழித்து லிண்ட்ரிக்கில், இருபத்து நாலு ஆண்டுகளுக்குப் பிறகு பிரிட்டன் கோப்பையை வென்றது. நாடே கொண்டாடிய அந்த நாளின் ஒற்றையர் ஆட்டங்களில் தோற்ற ஒரே பிரிட்டிஷ் ஆட்டக்காரர் அலிஸ். 1967 மாஸ்டர்ஸ் போட்டியில், அகஸ்டாவின் பதினோராவது குழியில், கை உறைந்துபோயிற்று. பந்து காலடியில், குழி கண்ணெதிரே. மட்டையை அசைக்க முடியவில்லை. கோல்ஃப் உலகில் இதை யிப்ஸ் என்பார்கள். இரண்டு ஆண்டில், முப்பத்தெட்டு வயதில், பெரிய போட்டிகளை விட்டு ஒதுங்கினார்.

அவருக்கு முன்னால் பி.பி.சி.யின் கோல்ஃப் குரலாக இருந்தவர் ஹென்றி லாங்ஹர்ஸ்ட். அவரும் அதே யிப்ஸ் வந்து மட்டையைக் கீழே வைத்தவர். இங்கிலாந்தின் மிகச் சிறந்த இரண்டு கோல்ஃப் குரல்களும், ஒரு முழ தூரத்தில் கிடக்கும் பந்தைப் பார்த்து அஞ்சியவர்களின் குரல்கள். இதை நான் தற்செயல் என்று நினைக்கவில்லை. வென்றுகொண்டே இருந்தவர் மைக் முன்னால் உட்கார்ந்தால், தவறவிட்டவரிடம் என்ன பிழை என்று விளக்குவார். அலிஸ் விளக்கமாட்டார். குறுகிய பட் ஒன்று குழியின் விளிம்பைச் சுற்றிக்கொண்டு வெளியே வரும்போது, அவரிடமிருந்து ஒரு பெருமூச்சுதான் வரும். அந்த மூச்சில் வென்ட்வொர்த்தும் அகஸ்டாவும் இருந்தன.

வர்ணனைக்கு அவர் வந்தது, போர்ச்சுகலிலிருந்து திரும்பும் விமானத்தில் அவர் பேசிக்கொண்டு வந்ததை பி.பி.சி. தயாரிப்பாளர் ஒருவர் கேட்டதால்தான் என்பார்கள். 1961இல் ராயல் பர்க்டேலில் நடந்த பிரிட்டிஷ் ஓப்பனில் தானும் ஆடிக்கொண்டே வர்ணனையும் செய்தார். 1978இல் லாங்ஹர்ஸ்ட் மறைந்த பின் முதன்மைக் குரலானார். அமெரிக்காவின் ஏ.பி.சி.க்கும் பேசினார். டேவ் தாமஸுடன் சேர்ந்து மைதானங்களும் வடிவமைத்தார். ரைடர் கோப்பை நாலு முறை நடந்த பெல்ஃப்ரி அவற்றில் ஒன்று. ஆனால் எனக்கு அவர் குரல்தான் முக்கியம்.

அந்தக் குரலின் உச்சம் 1999 பிரிட்டிஷ் ஓப்பன், கார்னூஸ்டி. பிரெஞ்சுக்காரர் ஜான் வான் டி வெல்ட் கடைசிக் குழிக்கு மூன்று அடி முன்னிலையோடு வருகிறார். ஆறு அடியில் முடித்தால் ஓப்பன் பட்டம் அவருடையது. சின்ன மட்டையால் தட்டித் தட்டிப் போயிருந்தாலே போதும். அவரோ பெரிய மட்டையை எடுத்தார். பந்து வலப்பக்கம் விலகியது. அடுத்த அடி பார்வையாளர் மாடத்தில் பட்டுத் தெறித்துப் புதருக்குள் விழுந்தது. அதற்கடுத்தது பாரி பர்ன் ஓடையில். மனிதர் காலணியையும் காலுறையையும் கழற்றி, கால்சட்டையை மடித்துவிட்டு, தண்ணீரில் இறங்கி நின்று மூழ்கிக் கிடக்கும் பந்தைப் பார்க்கிறார்.

அந்த நிமிடங்களில் அலிஸ் பேசியது எல்லாம் ஒரு தொழில்காரரின் கோபம். யாராவது போய் அவரைத் தடுக்கக் கூடாதா, ஒரு பெரிய கோப்பை பிராந்தியைக் கொடுத்துத் துடைத்துவிடக் கூடாதா என்று கேட்கிறார். கூட்டம் சிரிக்கிறது, அலிஸின் பேச்சிலும் வேடிக்கை இருக்கிறது, ஆனால் குரலில் சிரிப்பு இல்லை. கொஞ்ச நேரத்தில் கோபம் வடிந்து, இது எவ்வளவு பெரிய சோகம், எவ்வளவு தேவையற்றது என்ற வலி மட்டும் மிஞ்சுகிறது. வான் டி வெல்ட் ஏழு அடியில் முடித்து, தொடர்ந்த பிளே ஆஃபில் பால் லாரியிடம் பட்டத்தை இழந்தார். இன்னொருவர் வர்ணித்திருந்தால் அந்தக் காட்சி கேலிக்கூத்தாக மிஞ்சியிருக்கும். அலிஸ் அதை ஒரு மனிதனின் துயரமாகக் காப்பாற்றித் தந்தார்.

அவரிடம் குறை இருந்தது. பெண்களைப் பற்றிய பேச்சில் அவர் தன் காலத்தைத் தாண்டவில்லை. 2015 ஓப்பனில் வென்ற சாக் ஜான்சனின் மனைவியைப் பற்றி அவர் சொன்ன ஒரு வேடிக்கைக்குக் கண்டனம் எழுந்தது, எழ வேண்டியதுதான். தோற்பவரிடம் அவ்வளவு பரிவு காட்டிய குரல் அங்கே ஏன் கூர்மையிழந்தது என்பது எனக்கு வருத்தம். அதற்காக மற்றதை மறக்க என்னால் முடியவில்லை.

2012இல் உலக கோல்ஃப் புகழ் மண்டபத்தில் அவரைச் சேர்த்தார்கள். 2020 நவம்பரில், கொரோனா காலத்தில், தன் வீட்டிலிருந்தபடியே மாஸ்டர்ஸ் போட்டியை வர்ணித்தார். டிசம்பர் 5 அன்று, எண்பத்தொன்பது வயதில் காலமானார்.

கோல்ஃப் பிடிக்காதவர்களும் கார்னூஸ்டியின் அந்தக் கடைசிக் குழியின் ஒளிப்பதிவைத் தேடிப் பாருங்கள். ஆட்டத்தின் விதிகள் தெரிய வேண்டியதில்லை. அலிஸ் எங்கே பேசுகிறார் என்பதைவிட எங்கே நிறுத்துகிறார் என்று கவனியுங்கள். நம் தொலைக்காட்சிகளில் மைக் முன் உட்காரும் இளைஞர்களும் ஒருமுறை கேட்க வேண்டிய பதிவு அது.